ஜெலட்டின் இனிப்பை அச்சிலிருந்து சிதையாமல் கவிழ்ப்பது: ஒரு லிட்டர் வளைய அச்சு, இரண்டு அடுக்கு

இங்கே எடுத்துக்கொண்ட வேலை இது: ஒரு லிட்டர் கொள்ளும் மெல்லிய உலோக அச்சு, நடுவில் குழாய், பக்கமெல்லாம் வரிப்பள்ளம். அதில் முதலில் திராட்சைச் சாறு, அதன்மேல் பால் அடுக்கு. கவிழ்த்ததும் சாறு மேலேயும் பால் அடியிலும் வரும். சின்னக் கிண்ணத்தில் ஊற்றி கரண்டியால் சாப்பிடும் ஜெல்லிக்கு இத்தனை கவனம் வேண்டியதில்லை. இந்த அச்சில் ஒட்டக்கூடிய இடம் அதிகம், காற்று புகும் வழி குறைவு, அடுக்கும் இரண்டு. தப்பு நேர வாய்ப்புள்ள எல்லா இடமும் இதில் வந்துவிடும்.

கவிழ்க்கும்போது வராமல் அடம்பிடித்தால் எல்லோரும் வெந்நீரைத்தான் குறை சொல்வார்கள். குறை பெரும்பாலும் முந்தின நாள் அளவிலும், அச்சுக்குள் காற்று புகாததிலும் இருக்கிறது.

அச்சைப் பிடித்துக்கொண்டிருப்பது எது

மூன்று காரணங்கள். முதலாவது பசைத்தன்மை. தச்சர்கள் காய்ச்சும் வச்சிரப் பசையும் ஜெலட்டினும் ஒரே கொலாஜனிலிருந்து (விலங்குகளின் தோலிலும் எலும்பிலும் உள்ள புரதம்) வருபவை; ஒட்டுவது அதன் குணம். இரண்டாவது வெற்றிடம். ஜெல்லி அச்சின் சுவரோடு முழுமையாகப் படிந்திருப்பதால் நடுவில் காற்றே கிடையாது. கவிழ்த்ததும் ஜெல்லி கீழிறங்கப் பார்க்கும். மேலே காற்று வரவில்லையென்றால் வெளிக்காற்றின் அழுத்தமே அதை அச்சுக்குள் தாங்கிப் பிடித்துவிடும். மூன்றாவது அச்சின் வடிவம். வாய் அகன்றும் அடி குறுகியும் இருந்தால் வழுக்கி வரும். நேர்ச் சுவரானால் சண்டை போடும். வாய் குறுகி வயிறு அகன்ற அச்சு உலோகத்தில் இருந்தால் ஜெல்லிக்கு அதை எடுக்கவே வேண்டாம்.

வெந்நீர் முதல் காரணத்தை மட்டுமே தீர்க்கும். இரண்டாவதற்கு விரல் வேண்டும். இதைப் பிரித்துப் பார்க்காதவர்கள்தான் மூன்றாம் முறை, நான்காம் முறை என்று முக்கி முக்கிக் கடைசியில் சூப்பாக எடுக்கிறார்கள்.

அளவு

முதலில் அச்சின் கொள்ளளவு. தண்ணீரை விளிம்புவரை ஊற்றி, அந்தத் தண்ணீரை எடை போடுங்கள். கிராம் எத்தனையோ மில்லி அத்தனை. அடியில் பொறித்திருக்கும் எண்ணை நம்ப வேண்டாம்.

அச்சை விளிம்புக்கு 3 முதல் 4 மில்லிமீட்டர் கீழேவரை நிரப்ப வேண்டும். பாதி நிரம்பிய அச்சைக் கவிழ்த்தால் ஜெல்லி அந்த வெற்று உயரத்தைத் தாண்டித் தட்டில் விழும். விழுந்த வேகத்திலேயே விரிசல் விடும்.

சாறு அடுக்குக்கு: தெளிந்த திராட்சைச் சாறு 440 மில்லி, சர்க்கரை 30 கிராம், ஜெலட்டின் பொடி 10 கிராம், அதை ஊறவைக்கக் குளிர்ந்த தண்ணீர் 50 மில்லி. பால் அடுக்குக்கு: பால் 290 மில்லி, கிரீம் 120 மில்லி, சர்க்கரை 50 கிராம், ஜெலட்டின் 7.5 கிராம், ஊறவைக்க 40 மில்லி. சர்க்கரை கரைந்து கொஞ்சம் கன அளவு கூடும்; எல்லாம் சேர்ந்து லிட்டருக்குச் சற்றுக் குறைவாக நிற்கும்.

சாறு அடுக்கில் ஜெலட்டின் ஏறத்தாழ 2 சதவீதம், பால் அடுக்கில் 1.6. இந்த வித்தியாசம் வேண்டுமென்றே வைத்தது. சாற்றின் புளிப்பு ஜெலட்டினின் பிடிப்பைத் தளர்த்தும். பால் அதைக் கொஞ்சம் வலுப்படுத்தும். இரண்டுக்கும் ஒரே அளவு போட்டால் பால் ரப்பராகும் அல்லது சாறு தொய்ந்துபோகும். எலுமிச்சை போலக் கடும் புளிப்புள்ள சாறானால் 2.3 வரை போகலாம். கிண்ணத்திலேயே சாப்பிடும் பன்னா கோட்டாவுக்கு (கிரீமை ஜெலட்டினால் இறுகவைத்த இத்தாலிய இனிப்பு) 0.8 முதல் 1 சதவீதமே போதும், வாயில் கரையும். ஆனால் அதே கலவையை உயரமான அச்சில் ஊற்றிக் கவிழ்த்தால் அடி பிதுங்கி உட்கார்ந்துவிடும். பரிமாறும் இடம் 30 டிகிரியைத் தொடும் சூடானால் இரண்டு அடுக்கிலும் பத்தில் ஒரு பங்கு ஜெலட்டின் கூட்டிக்கொள்ளலாம்.

மேலே சொன்ன அளவு 225 ப்ளூம் வலுவுள்ள பொடிக்கு (ப்ளூம் என்பது ஜெலட்டினின் இறுகும் வலுவைக் காட்டும் எண்). டப்பாவில் 150 ப்ளூம் என்று இருந்தால் 10 கிராமுக்குப் பதில் 12 கிராம் வேண்டும். தாள் ஜெலட்டின் என்றால் 2 கிராம் எடையுள்ள 'கோல்டு' தரத் தாள் நான்கை 7 கிராம் பொடிக்குச் சமமாக வைத்துக்கொள்ளலாம். மீன் ஜெலட்டின் குறைந்த சூட்டிலேயே இளகும். அதில் வெந்நீர் நேரத்தைப் பாதியாக்க வேண்டும்.

கடையில் கிடைக்கும் ஜெல்லி மிக்ஸ் பாக்கெட்டிலும் இதே கதைதான். உறையில் இருக்கும் தண்ணீர் அளவு கிண்ணத்தில் சாப்பிடுவதற்கானது. கவிழ்ப்பதென்றால் 85 கிராம் பாக்கெட்டுக்கு அந்த அளவிலிருந்து 60 மில்லி குறைத்து ஊற்றுங்கள்.

ஊறவைத்தல், கரைத்தல்

தண்ணீரின் மேல் பொடியைத் தூவ வேண்டும். பொடியின் மேல் தண்ணீரை ஊற்றினால் உள்ளே உலர்ந்த கட்டி நிற்கும். எடையைப் போல ஐந்து மடங்கு குளிர்ந்த தண்ணீர், பத்து நிமிடம். நன்றாக ஊறியது வெள்ளைத் திட்டே இல்லாமல் ஒரே மாதிரிக் கண்ணாடிபோல் இருக்கும். கரையாத துகள் இருந்தால் அந்த அளவு ஜெலட்டின் கணக்கில் சேராது. ஆள் கண்ணுக்குத் தெரியாமல் அளவு குறைவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான்.

சாறு முழுவதையும் சூடாக்க வேண்டாம். 150 மில்லி சாற்றில் சர்க்கரை சேர்த்து 60 டிகிரிக்குக் கொண்டுவந்து, அடுப்பை அணைத்து, ஊறிய ஜெலட்டினைப் போட்டுக் கரண்டியால் மெதுவாகக் கலக்குங்கள். கரண்டியின் முதுகில் மணல்போல் ஒன்றும் நிற்கக் கூடாது. பிறகு மீதிக் குளிர்ந்த சாற்றை ஊற்றினால் கலவை உடனே இறங்கி, அச்சில் ஊற்றும் சூட்டுக்கு வந்துவிடும். ஜெலட்டினைக் கொதிக்கவிட்டால் உடனே கெட்டுப்போகாது. ஆனால் வெகுநேரம் கொதித்தால், அதுவும் புளிப்போடு கொதித்தால், வலு இறங்கும். மத்தால் அடிக்கவும் வேண்டாம். நுரை அச்சின் அடியில் போய் நின்றுகொள்ளும், கவிழ்த்த பிறகு அதுதான் உச்சியில் தெரியும்.

பச்சை அன்னாசி, பப்பாளி, கிவி, அத்தி, இஞ்சிச் சாறு இவற்றில் புரதத்தை அறுக்கும் என்சைம் உண்டு. ஜெலட்டின் ஒரு புரதம். எத்தனை மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்தாலும் இறுகாது. இறுகியதுபோல் தோன்றினாலும் கவிழ்க்கும்போது விளிம்பு வழிந்துவிடும். பழத்தைச் சில நிமிடம் கொதிக்கவைத்தால் என்சைம் செத்துவிடும். டப்பாவில் அடைத்த அன்னாசி ஏற்கெனவே வெந்ததுதான், அப்படியே போடலாம்.

இறுகுமா என்று சந்தேகமிருந்தால், அச்சில் ஊற்றும் முன் ஒரு தேக்கரண்டி கலவையைச் சில்லென்ற தட்டில் விட்டுப் பத்து நிமிடம் ஃப்ரிட்ஜில் வையுங்கள். தட்டைச் சாய்த்தால் வழியாமல், விரலால் நெருக்கினால் சுருங்கி மடிய வேண்டும். வழிந்தால் இப்போதே கொஞ்சம் ஜெலட்டின் ஊறவைத்துச் சேர்த்துவிடலாம். நாளைக்குச் சேர்க்க முடியாது.

அச்சைத் தயார் செய்வது

வாசனையில்லாத சமையல் எண்ணெய் அரைத் தேக்கரண்டி. பிரஷ்ஷால் ஒவ்வொரு பள்ளத்திலும், குழாயின் சுவரிலும் தடவி, பிறகு டிஷ்யூ தாளால் துடைத்தெடுத்துவிடுங்கள். துடைத்த பிறகு மிச்சமிருப்பதுதான் தேவையான அளவு. நெய், வெண்ணெய், தேங்காய் எண்ணெய் மூன்றும் இங்கே ஆகாது. ஃப்ரிட்ஜில் உறைந்து தெளிந்த ஜெல்லியின் மேல் வெள்ளைப் பொட்டுகளாக அப்பிக்கொள்ளும்.

எண்ணெய் அதிகமானால் இன்னொரு கேடு உண்டு, பலருக்கு இது பிடிபடுவதில்லை. சாறு ஊற்றும்போது கூடுதல் எண்ணெய் சுவரிலிருந்து கழன்று மேலே மிதக்கும். அதன்மேல் பால் அடுக்கை ஊற்றினால் இரண்டுக்கும் இடையே எண்ணெய்ப் படலம். அடுத்த நாள் கவிழ்த்தால் பால் தட்டில் உட்கார, சாறு அதன்மேல் வழுக்கிக்கொண்டு ஓரத்துக்குப் போகும்.

வரிப்பள்ளம் ஆழமில்லாத, வழவழப்பான அச்சானால் எண்ணெயே வேண்டாம். குளிர்ந்த தண்ணீரில் அலசி, உதறிவிட்டு ஊற்றலாம். தெளிந்த ஜெல்லிக்கு அதுதான் பளபளப்பைக் கெடுக்காத வழி. கீறல் விழுந்த நான்ஸ்டிக் அச்சை எதைத் தடவியும் காப்பாற்ற முடியாது. பூச்சில்லாத அலுமினிய அச்சில் புளிப்புச் சாற்றை இரவு முழுக்க வைக்காதீர்கள், உலோக வாடை ஏறும்.

இரண்டு அடுக்கையும் சேர்ப்பது

சாற்றை ஊற்றி, அச்சை ஒரு தட்டின் மேல் சமமாக ஃப்ரிட்ஜில் வையுங்கள். ஒன்றரையிலிருந்து இரண்டு மணி நேரத்தில் ஒரு நிலை வரும்: விரலால் தொட்டால் குழி விழாது, ஆனால் விரல் நுனியில் ஒட்டி லேசாக இழுக்கும். பால் ஊற்ற அதுதான் நேரம். இழுப்பு போய் முழுக்க இறுகிவிட்டால் இரண்டும் பிணையாது. அப்படி ஆகிவிட்டால் முட்கரண்டியால் மேற்பரப்பை லேசாகக் கீறிவிட்டு ஊற்றலாம்; கீறல் பாலால் மூடிவிடும், பிடிப்பும் கிடைக்கும்.

பாலையும் சர்க்கரையையும் 60 டிகிரிக்குச் சூடாக்கி ஜெலட்டின் கரைத்து, பிறகு குளிர்ந்த கிரீம் சேர்த்து, 25 முதல் 28 டிகிரி வரை ஆறவிடுங்கள். கன்னத்தில் கிண்ணத்தை வைத்தால் சூடு தெரியக் கூடாது, லேசான குளிர்ச்சி தெரிய வேண்டும். 35 டிகிரியில் ஊற்றினால் சாறு இளகி நடுவில் சாயம் கலங்கும். ஊற்றும்போது கரண்டியின் முதுகில் விழும்படி ஊற்றுங்கள். நேராக ஊற்றினால் அந்த இடத்தில் பள்ளம் விழும். அச்சை ஃப்ரிட்ஜிலிருந்து முன்கூட்டியே எடுத்து வெளியே வைக்காதீர்கள், மேற்பரப்பில் நீர் வேர்த்துவிடும்; அந்த நீரும் எண்ணெய் செய்யும் வேலையையே செய்யும்.

பிறகு மூடி, குறைந்தது 12 மணி நேரம். நான்கு மணி நேரத்தில் பார்க்க இறுகியிருக்கும். ஆனால் ஜெலட்டினின் வலு முதல் நாள் முழுக்க ஏறிக்கொண்டே போகும், கவிழ்ப்புக்கு அந்த வலு வேண்டும். அவசரத்துக்கு ஃப்ரீசரில் வைப்பது தற்கொலை. பனிக்கட்டி ஊசிகள் ஜெல்லியின் வலையைக் கிழித்துவிடும், உருகியதும் தண்ணீராகக் கசியும்.

கவிழ்க்கும் நாள்

அச்சை வெளியே எடுக்கும் முன் மற்றதெல்லாம் கைக்கெட்டும் இடத்தில் இருக்க வேண்டும். அச்சைவிட ஒரு சாண் அகலமான தட்டை ஃப்ரிட்ஜில் குளிரவைத்து, மேலே தண்ணீர் தெளித்துக் கையால் பரப்பிவிடுங்கள். ஈரத் தட்டில் ஜெல்லி நடுவில் விழாவிட்டாலும் மெல்லத் தள்ளி நகர்த்தலாம். உலர்ந்த தட்டில் விழுந்த இடமே இடம்.

அச்சு மூழ்கும் அளவு அகன்ற பாத்திரத்தில் 45 முதல் 50 டிகிரி வெந்நீர். வெப்பமானி இல்லையென்றால் ஒரு பங்கு கொதிநீருக்கு இரண்டு பங்கு சாதாரணத் தண்ணீர் கலந்தால் இந்தச் சூட்டுக்கு அருகில் வரும். தண்ணீர் மட்டம் அச்சின் விளிம்புக்கு ஒரு சென்டிமீட்டர் கீழே நிற்க வேண்டும். விளிம்பு தாண்டி உள்ளே புகுந்தால் பால் அடுக்கு வெளுத்துக் கரையும். உலர்ந்த துணி ஒன்று பக்கத்தில்.

முதலில் விரல். நுனியை நனைத்துக்கொண்டு, ஜெல்லியின் ஓரத்தைச் சுவரிலிருந்து உள்பக்கமாக மெல்ல இழுங்கள். சுற்றிலும், பிறகு குழாயின் ஓரத்திலும். 3 மில்லிமீட்டர் பிரிந்தால் போதும். விரல் போகாத இடத்தில் மழுங்கலான மெல்லிய கத்தியின் நுனியை ஒரு சென்டிமீட்டர் மட்டும் விடலாம். கத்தியை அடிவரை விட்டுச் சுற்றினால் வரிப்பள்ளத்தின் முகடுகள் எல்லாம் சீவிப்போகும்.

பிறகு வெந்நீர். மெல்லிய உலோகத்துக்கு 8 விநாடி. இந்த அச்சின் குழாய் மேலே மூடியது. அதை நேராக இறக்கினால் குழாய்க்குள் காற்று அடைபட்டு வெந்நீர் ஏறாது, வெளிச்சுவர் விட்டுவிடும், உள்சுவர் விடாது. சாய்த்து இறக்கி, காற்றைக் குமிழியாக வெளியேற்றிவிட்டு நிமிர்த்துங்கள். எடுத்ததும் வெளிப்புறத்தையும் குழாயின் உட்பக்கத்தையும் துடைத்துவிடுங்கள். இல்லாவிட்டால் கவிழ்க்கும்போது சொட்டும் வெந்நீர் ஜெல்லியிலேயே விழும்.

இனி பார்க்க வேண்டிய இடம். அச்சை 45 பாகை சாய்த்துப் பிடித்து, மேல்பக்க ஓரத்தை விரலால் ஒருமுறை இழுங்கள். காற்று புகுந்தால் ஜெல்லிக்கும் சுவருக்கும் நடுவே ஒரு வெள்ளிக் கோடு விறுவிறுவென்று அடிநோக்கி ஓடும். அச்சை அப்படியே சுழற்றிக்கொண்டே போனால் கோடு அகன்று சுற்றிலும் பரவும், ஜெல்லி மொத்தமாகக் கொஞ்சம் சரிந்து உட்காரும். இதைக் கண்ணால் பார்க்காமல் கவிழ்க்க வேண்டாம். கோடு பாதியில் நின்றால் அந்தப் பக்கத்துக்கு மட்டும் 3 விநாடி வெந்நீர்.

தட்டைக் கவிழ்த்து அச்சின் மேல் வைத்து, இரண்டையும் சேர்த்து இறுக்கிப் பிடித்து, தயங்காமல் ஒரே வீச்சில் திருப்புங்கள். பாதியில் நிறுத்தினால் ஜெல்லி ஒருபக்கமாகச் சரியும். தட்டோடு சேர்த்துப் பக்கவாட்டில் ஒரு சின்ன உதறல். 'தொப்' என்று ஒரு சத்தம் வரும், கையில் பாரம் இறங்கியது தெரியும். தட்டை மேசையில் வைத்து, அச்சை நேர் மேலே தூக்குங்கள்.

வரவில்லையென்றால்

பத்து விநாடி அப்படியே விடுங்கள். பல நேரம் தானாக இறங்கும். பிறகும் இல்லையென்றால் வெந்நீரில் பிழிந்த துணியை அச்சின் மேல் 10 விநாடி போர்த்துங்கள். குழாய் பிடித்திருக்கிறதென்று தோன்றினால் அந்தச் சூடான துணியின் ஒரு மூலையைக் குழாய்ப் பள்ளத்துக்குள் அமுக்கலாம். திறந்த குழாயானால் துணியில் சொட்டு இல்லாமல் பிழிந்திருக்க வேண்டும். தட்டோடு உலுக்குவதைக் கூட்டுவதால் பயனில்லை, விரிசல்தான் விடும். அதற்கும் மசியாவிட்டால் திருப்பி நிமிர்த்தி, ஓரத்தை மறுபடி இழுத்து, காற்றிலிருந்து ஆரம்பியுங்கள். மொத்தமாக 15 விநாடிக்கு மேல் வெந்நீரில் போனால் முகடுகள் மழுங்கத் தொடங்கும். அந்த நிலைக்கு வந்துவிட்டால் ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்து இறுகவிட்டுத் திரும்ப முயல்வது நல்லது.

வேறு அச்சுகள்

பீங்கான், தடித்த கண்ணாடி: சூடு மெதுவாக ஏறும், 15 முதல் 20 விநாடி. எடுத்த பிறகும் சுவரில் சூடு மிச்சமிருக்கும், ஆகவே உடனே கவிழ்க்க வேண்டும். ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்த கண்ணாடியைக் கொதிநீரில் வைத்தால் வெடிக்கலாம்.

உச்சியில் சின்ன மூடி உள்ள பிளாஸ்டிக் அச்சு: கவிழ்த்துவிட்டு மூடியைத் திறந்தால் காற்று நேராக உள்ளே போகும், வெந்நீரே தேவைப்படாது. இதைவிட எளிய அச்சு கிடையாது. அழகுதான் கொஞ்சம் குறைவு. மூடியில்லாத பிளாஸ்டிக்குக்குச் சூடு சுலபமாகக் கடக்காது, பக்கங்களை அமுக்கி நெளித்துக் காற்று விடுங்கள்.

சிலிக்கான்: தட்டில் கவிழ்த்து, ஓரத்திலிருந்து தோலுரிப்பதுபோல் உரித்தெடுக்க வேண்டும். தொளதொளவென்று இருப்பதால் ஊற்றும்போதே அடியில் தட்டு வைத்துவிடுங்கள், ஃப்ரிட்ஜுக்குத் தூக்கும்போது மடங்கினால் அடுக்கு கலையும்.

சைனா கிராஸுக்கு (கடற்பாசியிலிருந்து எடுக்கும் அகர்-அகர்) இந்த வெந்நீர் வித்தை செல்லாது. ஜெலட்டின் 30 டிகிரியை ஒட்டி இளகிவிடும்; சைனா கிராஸ் இளக 85 டிகிரி வேண்டும். அதற்கு விரலால் காற்று விடுவது மட்டுமே வழி, அதுவே போதும். தானாக லேசாக நீர் விட்டுச் சுவரிலிருந்து கழன்றிருக்கும்.

கவிழ்த்த பிறகு

வெளிப்படலம் இளகியிருக்கும், 20 நிமிடம் ஃப்ரிட்ஜில் வைத்தால் மறுபடி இறுகிப் பளபளப்பு வரும். தட்டில் தேங்கிய இளகலை டிஷ்யூ தாளின் ஓரத்தால் உறிஞ்சியெடுங்கள், துடைக்கப் போனால் பால் அடுக்கில் திராட்சைச் சாயம் தீட்டிவிடும். வெட்டும் கத்தியை வெந்நீரில் நனைத்துத் துடைத்து, ஒவ்வொரு துண்டுக்கும் அதையே செய்யுங்கள்.

ஒரு முகடு பிய்ந்து அச்சிலேயே நின்றுவிட்டால், அந்தத் துண்டைக் கரண்டியால் எடுத்து, கொஞ்சம் சாறு ஜெல்லியை உருக்கி, அது குளிர்ந்து எண்ணெய்போல் தடித்ததும் பசையாகத் தடவி ஒட்டி, குளிரவையுங்கள். தெளிந்த ஜெல்லியில் ஒட்டுப்போட்ட கோடு கிட்டத்தட்டத் தெரியாது. மொத்தமும் சரிந்துவிட்டதென்றால் ஜெலட்டினை மறுபடி உருக்கி இறுகவைக்க முடியும். ஆனால் இரண்டு அடுக்கும் கலந்தபின் உருக்கினால் சாம்பல் நிறத்தில் ஒன்று வரும். கத்தியால் சதுரமாக வெட்டிக் கிண்ணங்களில் போட்டுக் கொடுத்துவிடுவது மேல்.